மொட்டைப் பெட்டிசமும் ஒற்றை நட்சத்திரமும்

'மொட்டைப் பெட்டிசம்' என்றால் இன்னதென்று இளந்தலைமுறைக்கு விளக்கிச் சொல்லவேண்டிய நிலை வந்துவிட்டது. எழுதியவரின் பெயரும் முகவரியும் இல்லாமல், அல்லது 'ஊர்ப் பொதுமக்கள்' என்ற பொய்க் கையொப்பத்துடன், மேலதிகாரிக்கு அனுப்பப்படும் குற்றச்சாட்டுக் கடிதமே அது. யாழ்ப்பாணத்தவர் இக்கலையில் எவருக்கும் சளைத்தவர்கள் அல்லர். பாடசாலை அதிபருக்கு இடமாற்றம் வருவதற்கும், சங்கக்கடை மனேச்சரின் வேலை பறிபோவதற்கும், பேசி முற்றாக்கிய கலியாணம் குழம்புவதற்கும் ஒரு முத்திரைச் செலவு போதுமாயிருந்தது. பத்திரிகைக் காரியாலயத்திலும் நாள்தோறும் இரண்டு மூன்று வந்து விழும். அவற்றை என்ன செய்வது என்பதில் எங்களுக்கு ஐயமே இருந்ததில்லை. புனைபெயரில் பிரசுரிக்கலாம், ஆனால் எழுதியவர் யார் என்பது ஆசிரியருக்குத் தெரிந்திருக்க வேண்டும். தெரியாவிட்டால் குப்பைக் கூடை. பிரசுரித்தபின் அது பொய்யென்று நிரூபணமானால், எழுதியவரோடு ஆசிரியரும் அச்சிட்டவரும் நீதிமன்றப் படி ஏறவேண்டும். அந்தப் பயமே எங்களை ஒழுங்காக வைத்திருந்தது.

இன்று அவ்வொழுங்கு தலைகீழாகிவிட்டது. பெயரில்லாத கடிதம் முதலில் பிரசுரமாகிறது. அதுவும் கடைக்காரரின் நெற்றியிலேயே ஒட்டப்படுகிறது. அதைக் கிழித்தெறிய வேண்டுமானால், அது பொய்யென்று காட்டும் சுமை கடைக்காரருடையது. ஒட்டியவர் யாரென்பது எவருக்கும் தெரியாது. ஒட்டுவதற்குச் சுவரும் பசையும் கொடுத்த நிறுவனத்துக்கோ அதைப்பற்றிக் கவலையில்லை.

இதை எழுதத் தூண்டியது தொண்டைமானாற்றில் நான் கண்ட ஒரு சம்பவம். ஆற்றங்கரையில் செல்வச்சந்நிதி முருகன் எழுந்தருளியிருக்கும் ஊர் அது. அன்னதானக் கந்தன் என்று பெயர் பெற்றவன் அவன். மடங்களில் யாருக்கும் இலவசமாகச் சோறு கிடைக்கும். பூசகர் வாயைத் துணியால் கட்டிக்கொண்டு மௌனமாகப் பூசை செய்யும் கோயில். (அந்த மௌனத்துக்கும் கூகிள் வரைபடத்தில் நட்சத்திரம் இடப்பட்டிருக்கிறது என்பது வேறு கதை. முருகனுக்கு ஐந்துக்கு எத்தனை என்று பார்க்க எனக்கு மனம் ஒப்பவில்லை.) முன்னரெல்லாம் இவ்வூருக்கு வருபவர்கள் யாரோ ஒரு உறவினர் சொன்ன இடத்தில் தங்கினார்கள். 2022 டிசம்பரில் சென்னை – பலாலி விமான சேவை மீண்டும் தொடங்கிற்று. 2023 ஒக்டோபரில் நாகபட்டினத்திலிருந்து காங்கேசன்துறைக்குக் கப்பல் வந்தது. உறவினர் எவரும் இல்லாத அந்நியர் இப்போது வருகிறார்கள். அவர்களுக்கு வழிகாட்டுவது கைத்தொலைபேசி ஒன்றே.

அங்கே ஒரு குடும்பம் வீட்டின் முன்பக்கத்து மூன்று அறைகளை வாடகைக்கு விட்டுச் சாப்பாடும் கொடுக்கிறது. பெயர் வேண்டாம். சந்நிதிக்கு அருகிலிருப்பதால் அவ்வீட்டில் மரக்கறிச் சமையல் மாத்திரமே. கூகிளில் அவர்களுக்குப் பன்னிரண்டு மதிப்புரைகள் இருந்தன: பத்துப் பேர் ஐந்து நட்சத்திரம், இருவர் நான்கு. சராசரி 4.8. ஒரு நாள் காலை எழுந்து பார்த்தால் நான்கு ஒற்றை நட்சத்திரங்கள் புதிதாக முளைத்திருந்தன. சராசரி 3.9 ஆகிவிட்டது.

இந்தக் கணக்கைச் சற்று நின்று கவனியுங்கள். ஆயிரம் மதிப்புரைகளும் அதே 4.8 சராசரியும் உடைய பெரிய ஹோட்டல் ஒன்றின்மேல் இதே நான்கு ஒற்றை நட்சத்திரங்களை வீசினால் அதன் சராசரி 4.8 ஆகவே நிற்கும். தூசு படிந்ததுகூடத் தெரியாது. பன்னிரண்டு பேரின் வாய்ச்சொல்லில் பிழைக்கும் மூன்று அறை வீட்டுக்கு அது இடி. நான்கு நட்சத்திரத்துக்குக் குறைந்ததைக் காட்டாதே என்று பயணி தன் கைத்தொலைபேசிக்குக் கட்டளையிட்டுவிட்டால், அந்த வீடு அவர் கண்ணில் படவே படாது.

வீட்டுக்காரர் எனக்குத் தூரத்து உறவு. "அண்ணை, இந்தப் பேரிலை ஒருத்தரும் இஞ்சை வந்து தங்கேல்லை. ஆரோ வேணுமெண்டு செய்யினம்" என்று தொலைபேசியில் சொன்னார். குரலில் கோபத்தைவிட அவமானம் அதிகமாயிருந்தது. நான் சொன்னது ஒன்றுதான்: பதில் எழுதாதே, பதிவுப் புத்தகத்தை எடுத்து வை, வருகிறேன்.

மறுநாள் மூவரும், அதாவது அவரும் மகனும் நானும், விறாந்தையில் இருந்து நான்கையும் ஒவ்வொன்றாகப் பார்த்தோம். முதலாவது, 'மீன்குழம்பு பழசு, வயிற்றுக்கு ஒத்துக்கொள்ளவில்லை' என்றது. மீனே ஏறாத அடுப்பு அது. இரண்டாவது, ஏ.சி. இரவு முழுவதும் வேலை செய்யவில்லை என்று குறைபட்டது. மூன்று அறையிலும் மின்விசிறிதான். அந்தப் பெயரை அமத்தி உள்ளே போய்ப் பார்த்தபோது, அதே வாரத்தில் அந்நபர் போலந்தில் ஒரு பல் வைத்தியரையும் மணிலாவில் ஒரு வாகனத் திருத்தகத்தையும் புகழ்ந்து தள்ளியிருந்தார். சந்நிதியானின் அருள் இல்லாமல் ஒரு வாரத்தில் இத்தனை தூரம் பயணம் செய்வது கடினம். மூன்றாவதில் எழுத்தே இல்லை, நட்சத்திரம் மட்டும். கணக்குப் புதியது, அதன் பெயரில் இது ஒன்றே பதிவு. நான்காவது இப்படி இருந்தது: 'குளியலறைத் தண்ணீர் உப்பு. சவர்க்காரம் நுரைக்கவில்லை. முன்பே சொல்லியிருக்கலாம்.'

"அதுவும் கள்ளம்தான் அண்ணை. நாலும் ஒரே ராத்திரியிலை வந்தது" என்றார் வீட்டுக்காரர். நான் எழுந்துபோய்க் குழாயைத் திறந்து உள்ளங்கையில் ஏந்தி வாயில் வைத்தேன். உவர்நீர். கடல்நீர் உட்புகாமல் ஆற்றுக்குக் கதவு போட்டுத் தடுத்த ஊரில் உவரைப்பற்றி நான் சொல்லித்தான் தெரியவேண்டுமா? பதிவுப் புத்தகத்தைப் புரட்டினோம். மூன்று வாரத்துக்கு முன் கொழும்பிலிருந்து ஒரு குடும்பம் இரண்டு இரவு தங்கியிருந்தது. பெயரின் முதற்பகுதி ஒத்துப்போனது.

நான்கில் மூன்று பொய், ஒன்று மெய். கள்ள மதிப்புரை செய்யும் மிகப் பெரிய தீங்கு இதுவென்றே நான் சொல்வேன். வருமானம் போவது ஒருபுறம். மெய்யான முறைப்பாட்டையும் 'எதிரியின் சதி' என்று தள்ளிவிட அது கடைக்காரருக்கு ஒரு சாட்டைக் கொடுத்துவிடுகிறது. ஆகவே கள்ளத்தைக் கண்டுபிடிக்கும் வித்தை கைத்தொலைபேசிக்குள் இல்லை; பற்றுச்சீட்டுப் புத்தகத்திலும் வருகைப் பதிவேட்டிலும் இருக்கிறது. நம்மிடம் இல்லாத பொருளைக் குறை சொல்கிறதா, கடை பூட்டியிருந்த நாளைச் சொல்கிறதா, ஒரே வேளையில் பல வந்தனவா, அந்தக் கணக்கு வேறெங்கெல்லாம் எழுதியிருக்கிறது, அதே வசனம் வேறு கடைக்கும் போடப்பட்டிருக்கிறதா என்று பார்க்கலாம். ஆனால் இவற்றுள் எதுவும் தனியே நின்று தீர்ப்பாகாது. எழுத்தில்லா ஒற்றை நட்சத்திரத்தை உண்மையாக வந்துபோனவரும் இடுவார். புதுக் கணக்கு எல்லாருக்கும் ஒருநாள் புதிதுதான்.

நிற்க. நான் அங்கு போய்ச் சேரும் முன்பே மகன் ஒரு காரியம் செய்துவிட்டிருந்தான். குடும்ப வாட்ஸ்அப் குழுவில் விஷயத்தைப் போட்டிருக்கிறான். ரொறன்ரோ மாமா கொதித்தெழுந்தார். லண்டன் சித்தி கொதித்தாள். பாரிசும் ஒஸ்லோவும் சேர்ந்துகொண்டன. இரண்டு நாளில் இருபத்து மூன்று ஐந்து நட்சத்திரங்கள். 'சூப்பர்', 'அருமையான உபசரிப்பு', 'சொர்க்கம்'. ஒருவர் 'புட்டும் மீன்குழம்பும் அம்மாவின் கைப்பக்குவத்தை ஞாபகப்படுத்தின' என்று உருகியிருந்தார். கள்ளன் சமைத்த அதே மீனைத்தான் இவரும் சாப்பிட்டிருக்கிறார்! இருபத்து மூவரில் ஒருவர்கூட அந்த அறைகளில் தலை சாய்த்தவர் அல்லர்.

"எங்கடை சனம்தானே, ஐயா. காசு குடுத்தா வாங்கினது?" என்று தம்பி கேட்டான். எனக்கு ஏறிய கோபம், அந்த மூன்று கள்ளர்கள்மேல்கூட ஏறவில்லை.

ஊர்ப்பாசம் என்ற நல்ல பெயரின்கீழ் நாம் செய்யும் இந்தக் காரியத்துக்கும் பணம் கொடுத்து மதிப்புரை வாங்குவதற்கும் என்ன வேறுபாடு? நாகபட்டினத்தில் கப்பலேறி வரும் ஒரு யாத்திரிகர், யாரையும் தெரியாத ஊரில் பிள்ளைகுட்டியோடு ஓரிரவு தங்க நம்பகமான சொல்லைத் தேடுகிறார். அவருக்கு ரொறன்ரோ மாமாவின் பாசத்தை உண்மையென்று விற்கிறோம். அவர் ஏமாறுவது பொய்ப் பழியாலா பொய்ப் புகழாலா என்பது அவருக்கு ஒன்றேதான். அமெரிக்காவின் மத்திய வர்த்தக ஆணைக்குழு 2024 ஒக்டோபர் 21 முதல் நடைமுறைப்படுத்திய விதிகள், கள்ள மதிப்புரைகளை விற்பதையும் வாங்குவதையும் தடைசெய்ததோடு, நிர்வாகி தன் நெருங்கிய உறவினரிடம் மதிப்புரை கேட்டு வாங்கி அந்த உறவை மறைப்பதையும் கட்டுப்படுத்துகின்றன. வீட்டுக்காரரின் மனைவிதான் சமையலையும் கணக்கையும் நடத்துபவர். ரொறன்ரோ மாமா அவருடைய உடன்பிறந்தவர். அமெரிக்கச் சட்டம் ஆற்றங்கரைக்கு வராது என்பது உண்மைதான். ஆனாலும் மாமாவை அவ்வளவு துல்லியமாகக் கண்டுபிடித்து எழுதியிருக்கிறார்களே என்று வியந்தேன்.

சிறு வியாபாரிகளுக்காகப் பேசுகிறேன் என்பதால் அவர்களுக்குக் கசப்பான ஒன்றையும் சொல்லியாக வேண்டும். மைக்கல் லூக்கா, ஜோர்ஜியஸ் செர்வாஸ் என்ற இரு ஆய்வாளர்கள் பொஸ்டன் நகர உணவகங்களுக்கு யெல்ப் தளத்தில் வந்த மதிப்புரைகளை ஆராய்ந்து 2016 இல் ஒரு கட்டுரை வெளியிட்டார்கள். ஏறத்தாழ 16 சதவீதத்தை அந்தத் தளமே ஐயத்துக்குரியவையென வடிகட்டி ஒதுக்கியிருந்தது. யார் இதைச் செய்கிறார்கள் என்று பார்த்தால், ஏற்கெனவே பெயர் ஆட்டங்கண்ட கடைகளும், மதிப்புரைகள் குறைவாக உள்ள கடைகளுமே பொய்ப் புகழ்ச்சியில் அதிகம் ஈடுபட்டன. பெரும் சங்கிலிக் கடைகளுக்கு அந்த அவசரம் இல்லை. அதாவது, பாதிக்கப்படுபவரும் நாமே, செய்பவரும் நாமே. நமது பலவீனந்தான் இந்தச் சந்தைக்கு மூலதனம்.

சந்தை என்று சொன்னது மிகையன்று. லண்டனில் ஊபா பட்லர் என்ற எழுத்தாளர், தான் போகாத உணவகங்களுக்கு மதிப்புரை எழுதி ஒன்றுக்குப் பத்துப் பவுண் வீதம் முன்னர் சம்பாதித்தவர். 2017 இல் தன் வீட்டுத் தோட்டத்துக் கொட்டிலை உணவகம் என்று பதிவுசெய்து, நண்பர்களைக்கொண்டு புகழ் எழுதுவித்து, அவ்வாண்டு நவம்பரில் ட்ரிப்அட்வைசரில் அதை லண்டனின் முதலாவது உணவகமாக்கிக் காட்டினார். அங்கே அதுவரை ஒருவரும் ஒரு கவளம் சாப்பிட்டதில்லை. இத்தாலியில் இவ்வாறு மதிப்புரை விற்ற ஒருவருக்கு 2018 இல் ஒன்பது மாதச் சிறை விதிக்கப்பட்டது. 2022 இல் அமெரிக்க உணவகங்கள் பலவற்றுக்கு ஒற்றை நட்சத்திரங்கள் மழையாகப் பொழிந்தன; பின்னாலேயே ஒரு மின்னஞ்சல்: 75 டொலர் பரிசு அட்டை அனுப்பினால் நிறுத்துகிறோம். தாம் இந்தியாவில் இருப்பதாகவும் பிழைக்க வேறு வழியில்லையென்றும் அதில் எழுதியிருந்தது. அப்படி ஒரு மின்னஞ்சல் உங்களுக்கு வந்தால் ஒரு சதமும் கொடுக்காதீர்கள். மின்னஞ்சலையும் நட்சத்திரங்களையும் திகதி தெரியும்படி படமெடுத்து வையுங்கள். மிரட்டல் என்று முறையிடுவதற்கு அதைவிடச் சிறந்த சான்று கிடைக்காது.

எழுதும் கைகளைப்பற்றியும் ஒரு வார்த்தை. 2023 இல் இந்தியாவின் பல மாநிலப் பொலிஸார் ஒரு மோசடியைப்பற்றி எச்சரித்தார்கள். வீட்டிலிருந்தே வேலை, ஹோட்டல்களுக்கு நட்சத்திரம் இட்டால் ஒன்றுக்கு ஐம்பதோ நூற்றைம்பதோ ரூபா என்று வாட்ஸ்அப்பிலும் டெலிகிராமிலும் அழைப்பு வரும். முதல் இரண்டு நாள் பணமும் வரும். பிறகு 'பெரிய பணி'க்கு முற்பணம் கட்டச் சொல்வார்கள். அதோடு இலட்சக்கணக்கில் போய்விடும். ஆக, எங்கோ ஒரு வேலையற்ற இளைஞன் தானும் ஏமாறப்போவது தெரியாமல் தொண்டைமானாற்றுச் சமையலறையில் மீனைக் கொண்டுவந்து போட்டிருக்கிறான். அவன்மீது எனக்குப் பெரிய கோபம் இல்லை.

என் கோபம் சுவருக்குச் சொந்தக்காரர்மீது. 2023 இல் 170 மில்லியனுக்கு மேற்பட்ட, 2024 இல் 240 மில்லியனுக்கு மேற்பட்ட விதிமீறிய மதிப்புரைகளைத் தடுத்தோம் அல்லது நீக்கினோம் என்று கூகிள் பெருமையோடு அறிவித்தது. பத்திரிகை ஆசிரியர் ஒருவர், 'சென்ற வருடம் இத்தனை கோடிப் பொய்களைத் தடுத்தேன்' என்று மார்தட்டினால், 'உன் வாசலை ஏனப்பா திறந்து போட்டிருக்கிறாய்?' என்றுதானே கேட்போம்? பிறர் எழுதுவதற்குத் தளத்தைப் பொறுப்பாளியாக்க முடியாதென்று அமெரிக்கா 1996 இல் சட்டம் செய்து கொடுத்தது. விளம்பர வருமானம் பத்திரிகை முதலாளியைப்போல, பொறுப்போ தபாற்காரனைப்போல. பிரித்தானியாவில் 2025 ஏப்ரல் முதல், கள்ள மதிப்புரையைத் தடுக்க நியாயமான நடவடிக்கை எடுக்கும் கடமை தளங்களுக்கும் உண்டு; மீறினால் உலகளாவிய புரள்வில் பத்துச் சதவீதம் வரை தண்டம். இந்தியத் தர நிர்ணய நிறுவனம் 2022 இல் வெளியிட்ட நியமமோ விரும்பினால் பின்பற்றலாம் என்ற அளவில் வந்தது.

எங்கள் நாட்டில்? 2003 ஆம் ஆண்டின் 9 ஆம் இலக்க நுகர்வோர் அலுவல்கள் அதிகாரசபைச் சட்டத்தின் 30 ஆவது பிரிவு, வர்த்தகர் தன் வியாபாரத்தில் நுகர்வோரையோ வேறு வர்த்தகரையோ தவறாக வழிநடத்தும் செயலில் ஈடுபடுவதைத் தடுக்கிறது. போட்டிக் கடைக்காரர் எழுதுவித்த ஒற்றை நட்சத்திரமும், நாமே எழுதுவித்த ஐந்து நட்சத்திரமும் அதற்குள் அடங்கும் என்பதே என் வாசிப்பு. ஆனால் ஒரு சட்டத்தரணி நண்பர் வேறு வழி சொன்னார்: 2024 ஆம் ஆண்டின் நிகழ்நிலைக் காப்புச் சட்டம். பொய்க் கூற்றை நீக்க ஆணைக்குழுவை நாடலாமாம். வேண்டாம் என்று கையெடுத்துக் கும்பிட்டேன். இந்நாட்டில் குற்றவியல் அவதூறுச் சட்டம் 2002 இல் நீக்கப்படும்வரை பத்திரிகையாளர் தலைமேல் தொங்கிய கத்தியை நான் மறக்கவில்லை. மீன்குழம்புக் கள்ளனை வெட்ட எடுக்கும் அந்த வாள், நாளை 'தண்ணீர் உப்பு' என்று உண்மை சொன்ன கொழும்புக் குடும்பத்தின் கழுத்துக்குத்தான் போகும். கள்ளனுக்குக் கழுத்து எங்கே இருக்கிறது?

ஆகவே நாங்கள் சாதாரண வழியிலேயே போனோம். முதலில் மாமா, சித்திமாரிடம் சொல்லி இட்டதையெல்லாம் எடுப்பிக்கச் சொன்னேன். தம்பி மனத்தாங்கலோடு சிலரிடம் சொன்னான். மற்றவற்றைச் சில நாளில் நிறுவனமே துடைத்துவிட்டது. அத்தோடு உண்மையாக வந்து தங்கிய இருவரின் பழைய மதிப்புரைகளும் சேர்ந்து போயின. பொய்த்துணைக்கு அதுவே கூலி. பிறகு மூன்று கள்ளங்களையும் முறையிட்டோம். தம்பி முதலில் ஒரு பக்கத்துக்குக் கதை எழுதி வைத்திருந்தான்; அதைச் செலுத்த அங்கே துவாரமே இல்லை. கொடுக்கப்பட்ட காரணங்களில் ஒன்றைத் தெரியவேண்டும். கடைக்காரருக்கும் வாடிக்கையாளருக்கும் இடையிலான வழக்கில் நிறுவனம் தலையிடாது என்பது அவர்கள் கொள்கை. 'இது பொய்' என்று அழுவதில் பயனில்லை. 'இது நேர்ந்த அனுபவமே அன்று' என்று காட்டவேண்டும். மறுத்தால் மேன்முறையீடு உண்டு.

அதற்கிடையில் பதில். கடைக்காரர்கள் அநேகர் தவறுவது இங்கேதான். இரவோடிரவாக, கோபத்தில், போட்டிக்காரரின் பெயரையும் சொல்லித் திட்டிவிடுகிறார்கள். சிலர் வாடிக்கையாளரின் தொலைபேசி இலக்கத்தையே போட்டுவிடுகிறார்கள். பதில் கள்ளனுக்கு எழுதப்படுவதன்று, அவன் அதை வாசிக்கப்போவதில்லை. நாளைக்கு அறை தேடும் அந்நியருக்கே அது. நாங்கள் எழுதியது: 'எமது விடுதியில் மீன், இறைச்சி சமைப்பதில்லை. இப்பெயரில் எவரும் தங்கியதாகப் பதிவேட்டில் காணவில்லை. வேறோர் இடத்தை எண்ணி எழுதியிருத்தல் கூடும். தங்கிய திகதியை அறியத்தந்தால் தேடிப் பார்க்கிறோம்.' அவ்வளவே. கொழும்புக் குடும்பத்துக்கு: 'குழாய்நீர் உவர் என்பது உண்மை. முன்கூட்டிச் சொல்லாதது எமது தவறு. இப்போது குளிப்பதற்கு நன்னீர் தனியாகத் தருகிறோம்.' இந்த இரண்டாவது பதிலை எழுதுவிக்கத்தான் எனக்கு ஒரு மாலைப்பொழுது முழுவதும் தேவைப்பட்டது. "நாங்களே உப்பெண்டு எழுதினா ஆர் அண்ணை வருவினம்?" என்று வீட்டுக்காரர் திரும்பத் திரும்பக் கேட்டார்.

மீன்குழம்பு ஒரு வாரத்துக்குள் நீங்கியது. ஏ.சி. மேன்முறையீட்டில் போனது. எழுத்தில்லாத நட்சத்திரம் நீங்கவில்லை, இன்னும் இருக்கிறது. புறப்படும் விருந்தினரிடம், நல்லது கெட்டது எதுவானாலும் எழுதுங்கள் என்று வீட்டுக்காரரே கேட்கிறார். விலையில் கழிவு தருவதாகச் சொல்லிக் கேட்பதில்லை. அதுவும் விதிமீறல் என்று தம்பிக்கு விளங்கப்படுத்த வேண்டியிருந்தது. சென்ற மாதம் போனபோது பதினேழு மதிப்புரைகள் இருந்தன. சராசரி 4.4. ஒவ்வொரு அறைக் கதவுக்குப் பின்னாலும் ஓர் அறிவித்தல் ஒட்டியிருந்தது: 'குளியலறைக் குழாயில் வருவது உவர்நீர். நன்னீர் கிணற்றடித் தொட்டியில்.' தம்பியின் கையெழுத்து.